வாத்துக்கு வலிக்கும்

“உக்காரு தங்கம்.”

“வாத்துக்கு வலிக்கும்.”

அது மஞ்சள் பிளாஸ்டிக் வாத்து. முதுகில் ஒரு குழி. அதில் உட்கார்ந்துதான் உச்சா போகவேண்டும். இரண்டேகால் வயதுச் சுண்டு வாத்தின் தலையைத் தடவிவிட்டுக் குளியலறைப் பக்கம் நடந்தாள்.

“தண்ணியில ஆடற நேரமா இது?” என்று டயர்க்காரர் மகளைப் பிடித்துத் திருப்பி வாத்தின் முன்னால் நிறுத்தினார். சுண்டு பொறுத்துப் பார்த்தாள். முடியவில்லை. தரை நனைந்தது.

“மூணாவது தடவை,” என்று துணியைப் பிழிந்தார் டயர்க்காரர்.

இத்தனை நாளும் பகலில் சுண்டுவைத் தன் கடையில் வைத்துப் பார்த்துக்கொண்டது கீழ்வீட்டுத் தையல் அக்கா. அக்கா திங்கட்கிழமை மகள் ஊருக்குக் கிளம்புகிறாள். அன்றிலிருந்து சுண்டு காப்பகத்துக்குப் போகவேண்டும். டயப்பர் கட்டிய பிள்ளையைக் காப்பகத்தில் வாசற்படி ஏற்றமாட்டார்கள். மனைவி ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுப்பவள். இனி ஒரு நாள் லீவு போட்டாலும் வேறு ஆள் பார்த்துக்கொள்வோம் என்று சொல்லிவிட்டார்கள்.

“மூணு நாள் என்கிட்ட விடு. லாரி டயரையே ரிம்முல உக்கார வைக்கிறவன், இவளை வாத்துல உக்கார வைக்கமாட்டேனா?”

“டயர் பதில் பேசாதுங்க,” என்றாள் மனைவி.

டயர்க்காரர் வாத்தின் எதிரே குந்தி, “ஸ்ஸ்ஸ்” என்று ஊத ஆரம்பித்தார். ஊரில் எல்லாப் பிள்ளையும் அந்தச் சத்தத்துக்குத்தான் பழகுகிறது. கழுத்து நரம்பு புடைக்க ஊதினார். கண்ணில் தண்ணீர் வந்தது. மற்றது வரவில்லை.

“வாயால ஊதினா எப்படி?” என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு, மகளையும் வாத்தையும் தூக்கிக்கொண்டு டயர் கடைக்கு ஓடினார். கம்ப்ரசரைத் திறந்துவிட்டு, கையெடுத்துக் கும்பிடாத குறையாக மகள் முகத்தையே பார்த்தார்.

ஸ்ஸ்ஸ்ஸ்ஸ்.

சுண்டு அப்பாவைப் பார்த்தாள். மன்னிப்புக் கேட்பதுபோல வாத்தை ஒருமுறை தடவினாள். உட்கார்ந்தாள். போனாள்.

டயர்க்காரர் ஸ்பேனரும் கையுமாக ஆடிய ஆட்டத்தை லாரி டிரைவர்கள் இறங்கிவந்து பார்த்தார்கள்.

அன்று சாயங்காலம் சமையலறையில் குக்கர் சீறியது. “ஐயையோ, சத்தம்,” என்று டயர்க்காரர் முகம் சுருங்கி மகளைப் பார்த்தார். மகள் அவரைப் பார்த்தாள். புதுப் பாய் போயிற்று.

குக்கரைப் பரண்மேல் ஏற்றிவிட்டு, மறுநாள் பஸ்ஸில் கூட்டிப்போனார். பஸ் கதவு சீறித் திறந்தது. டயர்க்காரர் பதறி மகளைப் பார்த்தார். மகள் அவரைப் பார்த்தாள். அவளை மடியில் வைத்திருந்த பெரியவர் தன் கால்சட்டையைப் பார்த்தார்.

ஞாயிற்றுக்கிழமை வீட்டில் சீறுகிற சாமான் ஒன்றும் மிச்சமில்லை. சாப்பிடும்போது மனைவி மிளகாயைக் கடித்து, “ஸ்ஸ், காரம்,” என்றாள். டயர்க்காரர் திரும்பிப் பார்த்தார். இரண்டாவது பாயும் போயிற்று.

“ஒண்ணும் தெரியாம இருந்த பிள்ளைய ஓட்டைக் குழாயாக்கி வச்சிருக்கீங்க,” என்றாள் மனைவி.

திங்கட்கிழமை காப்பகம். வழியனுப்பத் தையல் அக்காவும் சுண்டுவை இடுப்பில் வைத்துக்கொண்டு கூடவே வந்தாள். வழியெல்லாம் மனைவி அவளிடம் நடந்ததைச் சொல்லி மூக்கைச் சிந்தினாள். உள்ளே இருபது பிள்ளைகள், இருபது சத்தம். காப்பகத்து அம்மா சுண்டுவை நடுவில் உட்காரவைத்து, உதட்டில் விரல் வைத்தாள்.

“ஸ்ஸ்ஸ். யாரும் பேசக்கூடாது.”

டயர்க்காரருக்குப் பார்க்கத் தைரியமில்லை. கண்ணை இறுக மூடிக்கொண்டார்.

“ஸ்ஸ்ஸ்,” என்று மறுபடியும் கேட்டது. இன்னொரு தடவையும் கேட்டது.

மெல்லக் கண்ணைத் திறந்தார். தரை காய்ந்து கிடந்தது. சுண்டு எழுந்து அந்த அம்மாவின் கையைச் சுரண்டி, “உச்சா” என்றாள். தானே கழிப்பறைக்குள் போனாள். தண்ணீர் ஊற்றுகிற சத்தம் கேட்டது. கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டு வந்து பழைய இடத்திலேயே உட்கார்ந்தாள்.

“இந்த மாதிரி பிள்ளைன்னா இன்னும் பத்து சேர்த்துக்கலாம்,” என்றாள் காப்பகத்து அம்மா.

வாசலுக்கு வந்த டயர்க்காரரின் நெஞ்சில் லாரி டயருக்கு அடிக்கிற காற்று அத்தனையும் ஏறியிருந்தது.

“பார்த்தீங்களாக்கா? மூணே நாள்ல பழக்கிட்டேன்.”

“எதைத் தம்பி பழக்கினே? ரெண்டு மாசமா என் கடையில அவளேதான போயிட்டு வர்றா. நாள் பூரா இஸ்திரிப் பெட்டி புஸ்ஸு புஸ்ஸுன்னு சீறுது, ஒரு துணி நனைஞ்சதில்ல.”

“அப்ப டயப்பரு?”

“காலையில அவுத்து மடிச்சு வைப்பேன், சாயங்காலம் அதையே மாட்டி அனுப்புவேன். உங்களுக்குத் தெரியும்னுல்ல இருந்தேன்.”

டயர்க்காரருக்குக் காற்று இறங்கத் தொடங்கியது. “அப்ப வீட்டுல மட்டும் ஏன்க்கா?”

“நானும் வர்ற வழியில சுண்டுகிட்ட அதைத்தான் கேட்டேன்,” என்றாள் தையல் அக்கா. “‘போகலேன்னா அப்பாவுக்கு வலிக்கும்’னு சொன்னா.”