ஊறுகாய் ஜாடியில் வெளுத்த சங்கிலி

கும்மிடிப்பூண்டி,
21-11-71

ஸ்ரீமதே ராமாநுஜாய நம:

திருவள்ளூர் ஸ்ரீமான் ஆராவமுதன் அத்திம்பேர் ஸந்நிதிக்கு, மைத்துனன் ஸம்பத்குமார் அநேக தண்டம் ஸமர்ப்பித்து எழுதிக்கொண்டது. இங்கு நானும் பூமாவும் க்ஷேமம் என்று எழுத வேண்டிய இடத்தில் பேனா அரை மணி நேரமாக நிற்கிறது. உடம்பு க்ஷேமம்தான், மற்றதெல்லாம் கீழே. அங்கு தங்களுக்கும் கோதை அக்காவுக்கும் குழந்தை வைதேஹிக்கும் பெருமாள் ஸகல க்ஷேமமும் அருள வேண்டும். இந்தக் கடிதத்தைப் படித்த பிறகும் அருள வேண்டும். இதை அக்காவுக்கு உரக்கப் படித்துக் காட்ட வேண்டாம். தாங்கள் மட்டும் ஒருமுறை தனியாகப் படிக்கவும், சாப்பிட்ட பிறகு.

விஷயம் வைதேஹியின் எட்டுப் பவுன் சங்கிலி. போன மாதம் நான் வந்து, பிள்ளை வீட்டாரிடம் காட்டிவிட்டு வருகிறேன் என்று வாங்கிப் போனேனே, அதுதான். வரன் ராமஸ்வாமியின் தாயார் செங்கமலம் மாமிக்கு அதன் மேல் சந்தேகம். அறுபத்து மூன்றில் தங்கக் கட்டுப்பாடு வந்து, பதினாலு காரட்டுக்கு மேல் நகை செய்யக் கூடாது என்றார்களே, அதற்குப் பிற்பாடு செய்ததாக இருக்குமோ என்று. அதற்கு முன்னால் செய்தது, சுத்தமான இருபத்திரண்டு என்று தாங்கள் சொன்னீர்கள். கோயிலில் தங்களுக்குக் கைங்கர்ய முறை, நகர முடியாது. அதனால் சங்கிலியை என்னிடம் கொடுத்து, "புதுவாயல் பச்சையப்பன் பத்தர் கடைக்கு அந்த மாமியைக் கூட்டிண்டு போய் உரைகல்லுல ஒரு கோடு போட்டுக் காட்டிடு. வேற ஒண்ணும் பண்ணாதே" என்றீர்கள். அந்தக் கடைசி வாக்கியத்தை மட்டும் நான் மதித்திருந்தால் இன்று இந்தச் சமாசாரம் ஒரு தபால் கார்டில் முடிந்திருக்கும்.

ஆனால் அத்திம்பேர், என் பக்கத்தையும் கொஞ்சம் நினைத்துப் பார்க்க வேண்டும். பதினோரு வருஷமாக நான் பழவேற்காட்டுக் கமால் பாயின் தெர்மாமீட்டர் பட்டறையில் இருக்கிறேன். பேருக்குத்தான் பாக்கிங், பட்டறையே என் யோசனையில்தான் ஓடுகிறது என்று பாயே சொல்லாவிட்டாலும் மனசில் நினைப்பார். மூலகங்கள் மொத்தம் தொண்ணூற்றிரண்டு என்று புத்தகத்தில் போட்டிருக்கிறது. அதில் ஒரு எழுபதாவது எனக்கு நேர்ப் பழக்கம். இரும்புக்கு ஈரம் ஆகாது, செம்புக்குப் புளியைக் கண்டால் முகம் மலரும். அலுமினியம் நூறு வருஷத்துக்கு முன்னால் தங்கத்தைவிட உசத்தி. பிரெஞ்சு ராஜா ஒருத்தர் ரொம்ப வேண்டியவர்களுக்கு மட்டும் அலுமினியத் தட்டில் சாப்பாடு போடுவாராம். அதே அலுமினியத்தில் பூமா இன்று வென்னீர் போடுகிறாள். பாதரசமோ உலோகங்களுக்குள் சந்நியாசி, ஓர் இடத்தில் நிற்காது, எதிலும் ஒட்டாது. இரும்புக் குண்டைப் போட்டால்கூடத் தக்கை மாதிரி மிதக்கும். தங்கம் மட்டும் அதைவிட கனம், அதனால் மூழ்கும். பதினாலு காரட் என்றால் செம்பும் வெள்ளியும் கலந்து கனம் குறைந்து, அதுவும் மிதந்துவிடும். இது கமால் பாய் ஒரு நாள் டீ குடிக்கும்போது சொன்னது. மாமியிடம் நான் கண்டுபிடித்ததாகச் சொன்னேன். இப்படி ஒரு விஞ்ஞானம் கையில் இருக்கும்போது கல்லில் போய் எதற்குத் தேய்ப்பது என்று தோன்றிவிட்டது.

எதிலும் ஒட்டாது என்றேன் அல்லவா, அங்கேதான் அடியேன் விழுந்தது. பட்டறை வாசலில் ஒரு பலகை, அதில் ஆளுக்கு ஓர் ஆணி. உள்ளே கண்ணாடிக் குழாயில் பாதரசம் ஏற்றுகிறவர்கள் எல்லாரும் மோதிரத்தைக் கழற்றி அதில் மாட்டிவிட்டுத்தான் போவார்கள். பதினோரு வருஷமாகப் பார்க்கிறேன். மோதிரம் கண்ணாடியைக் கீறிவிடும் என்பதற்காக என்று நானே ஒரு காரணம் வைத்துக்கொண்டு, புதிதாக வேலைக்கு வந்தவர்களுக்கும் அதையே சொல்லிக்கொடுத்திருக்கிறேன். யாரையும் கேட்டதில்லை. எல்லாம் தெரிந்தவன் என்று பெயர் எடுத்தவன் எப்படிப் போய்க் கேட்பது?

பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளுக்குக் காட்ட வேண்டும் என்று ஒரு பொய்யைச் சொல்லி, பூமாவின் சின்ன மாவடு ஜாடியைக் கழுவி எடுத்துக்கொண்டு போனேன். கமால் பாய் ஜாடியையும் என்னையும் பார்த்தார். "இன்னா சாமி, பால் வாங்கற மாதிரி ஜாடிய எத்துக்கினு வந்துகிற? ஒரு சொட்டு கீய வுடாம கொண்டாந்து குடு" என்று முக்கால் ஜாடி ஊற்றினார். உண்மையைச் சொல்லியிருந்தால் அங்கேயே தடுத்திருப்பார்.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் பிள்ளை வீட்டுக் கூடத்தில் ஜாடியை வைத்தேன். ராமஸ்வாமி ஷிஃப்டுக்குப் போயிருந்தான். அவன் தகப்பனார் ஈஸிசேரில் அரைத் தூக்கம். மாமி எதிரே உட்கார்ந்திருந்தாள். முதலில் ஓர் இரும்பு ஆணியைப் போட்டேன், மிதந்தது. பிறகு வைதேஹியின் சங்கிலியைப் போட்டேன். கல் மாதிரி உள்ளே போய்விட்டது, அத்திம்பேர். தங்கள் வார்த்தை அட்சரம் பிசகவில்லை. மாமி, "அட, காணோமே" என்று வாயில் கை வைத்தாள். அந்த நிமிஷமே எடுத்திருந்தால்கூட இத்தனை சேதம் இராது. யாராவது மெச்சிவிட்டால் எனக்கு வாய் திறந்துகொள்கிறது. தங்கம் எந்த தேசத்தில் முதலில் கிடைத்தது, எத்தனை ராஜாக்கள் அதற்காகச் செத்தார்கள் என்று தெரிந்ததையும் தெரியாததையும் அரை மணி நேரம் பேசினேன். சங்கிலி பாட்டுக்கு உள்ளே கிடந்தது. பிறகு இடுக்கியால் தூக்கினேன். பளபளவென்று வெள்ளைவெளேரென்று வந்தது.

"என்ன மாமா இது? வெள்ளிக்கு முலாம் பூசி அனுப்பிச்சிருக்காளா?" என்றாள் மாமி. இல்லை, தங்கமேதான் வெளுத்திருக்கிறது என்றேன். "ஏன், பயத்துலயா?" என்றாள். சம்பந்தத்தைப் பற்றி யோசித்துச் சொல்வதாகச் சொல்லி, காப்பி கொடுக்காமல் உள்ளே போய்விட்டாள்.

மறுநாள் விடிந்ததும் புதுவாயலுக்கு ஓடினேன். பச்சையப்பன் பத்தர் பார்த்த மாத்திரத்தில், "தங்கமும் ரசமும் கண்டா கட்டிக்கும் சாமி, வுடவே வுடாது. பதினோரு வருசமா அந்தப் பட்டறைல இன்னா பண்ணிக்கினு கீற?" என்று கேட்டார். பாக்கிங் என்று வாழ்க்கையில் முதல் தடவையாக உண்மையைச் சொன்னேன். பாதரசப் புகை ஆளை முடித்துவிடும் என்று என்னை எட்டத்தில் நிறுத்தி, மூக்கில் துணி கட்டிக்கொண்டு, வெட்டவெளியில் வைத்துச் சூடு காட்டினார். மஞ்சள் திரும்பி வந்தது, பழைய களை இல்லை, இரண்டு கண்ணி விட்டுப்போயிற்று. உரைகல்லில் கோடு போட்டார். இருபத்திரண்டு. பார்க்க மாமியைக் கூப்பிட்டு அனுப்பினேன், வரவில்லை. சங்கிலியை மட்டும் வாங்கிப் பார்த்துவிட்டுத் திருப்பி அனுப்பினாள்.

உலகத்தில் எத்தனையோ பேர் பாதரசத்தைத் தங்கமாக்கப் பார்த்து ஆயுசைத் தொலைத்தார்கள். நல்ல தங்கத்தை ஒரே சாயங்காலத்தில் வெள்ளியாக்கிக் காட்டியவன் நான் ஒருவன்தான். இதை வேறு சமயமாக இருந்தால் பெருமையாகச் சொல்லிக்கொண்டிருப்பேன். இப்போது முடியவில்லை. நான் வாங்கிப் போன அன்று வைதேஹி அந்தச் சங்கிலியைத் தன் கைக்குட்டையில் முடிந்து, அவிழ்த்து, மறுபடி இறுக்கி முடிந்து கொடுத்தாள். "ஒண்ணும் ஆகாதே மாமா?" என்று மட்டும் கேட்டாள். இந்த வரன் அவள் மனசுக்குப் பிடித்திருக்கிறது என்று யாரும் எனக்குச் சொல்ல வேண்டியிருக்கவில்லை. ஒன்றும் ஆகாது என்று சொல்லித்தான் வாங்கிக்கொண்டேன்.

இந்த இடம் இனிமேல் கூடிவராது. வேறு வரன் பார்க்கவும். அதில் நான் தலையிட மாட்டேன், முஹூர்த்தத்தன்று பந்தியில் இலை போடுவதோடு சரி. இனி என் வாயில் உலோகம் என்ற பேச்சே வராது. ஒன்று மட்டும் சொல்லிக்கொள்கிறேன்: ஊர்க் கதையில் நான் ஒன்றுக்கு நாலாகச் சேர்த்திருப்பேன், சோதனை என்று வந்துவிட்டால் கண்ணால் கண்டதை மாற்றிச் சொன்னவனில்லை. அந்த ஒரு யோக்கியதையாவது எனக்கு உண்டு.

குழந்தைக்கு அநேக ஆசீர்வாதம். அக்காவுக்கு நமஸ்காரம், அவள் கோபம் தணிந்த பிறகு சொல்லவும்.

இப்படிக்கு, மன்னிப்பு கேட்கத் தகுதியில்லாத
ஸம்பத்குமார்

பி.கு.: வேறு வரன் பார்க்க வேண்டாம். கவரை ஒட்டப்போகும் சமயத்தில் செங்கமலம் மாமி தனியாக வந்தாள். கமால் பாய் முகத்தில் விழிக்க வெட்கப்பட்டு ஜாடியிலிருந்த பாதரசத்தை நான் இன்னும் திருப்பிக் கொடுக்கவில்லை. மாமி தன் கழுத்திலிருந்த சங்கிலியைக் கழற்றி நீட்டினாள். அறுபத்து நாலில், கட்டுப்பாட்டையும் மீறி, ரகசியமாக இருபத்திரண்டிலேயே செய்தது என்று சொல்லி அவள் ஆத்துக்காரர் போட்டாராம். "ஏழு வருஷமா எல்லார்கிட்டயும் அப்படித்தான் சொல்லிண்டிருக்கேன். பத்தர்கிட்டே போனா ஊர் பூரா தெரிஞ்சுடும். வெளுத்தா வெளுக்கட்டும், எனக்குத் தெரியணும்" என்றாள். சங்கிலியை வாங்கி ஜாடியில் போட்டேன். உள்ளே போய்விட்டது என்றேன். அவள் குனிந்து, ஒன்றும் காணோம் என்று பார்த்து, கண்ணைத் துடைத்துக்கொண்டாள். பிறகு, தையில் முதல் முஹூர்த்தத்திலேயே கல்யாணத்தை வைத்துக்கொள்ளலாம் என்று தங்களுக்கு எழுதச் சொன்னாள். இந்தக் காகிதத்தைப் படித்ததும் அடுப்பில் போட்டுவிடவும். அது மிதந்தது, அத்திம்பேர். அவள் நிமிர்கிற வரைக்கும் நான்தான் பென்சிலால் அழுத்திப் பிடித்துக்கொண்டிருந்தேன்.