சரணம் தேடிய பல்லவி அண்ணன்

அபுதாபி முசஃபாவில் பல்லவி அண்ணனிடம் பாட்டுக் கேட்காமல் காருக்குப் பெயிண்ட் அடித்துக்கொண்டு போன சிங்களவர் ஒருவர்கூட இருக்க முடியாது. எங்கள் கராஜில் அவர் பெயிண்டர், நான் வாசலில் ஜாப் கார்டு எழுதுகிறவன். வண்டியில் கீறல் எங்கே என்று நான் பார்ப்பேன். வந்தவர் சிங்களவரா என்று அவர் பார்ப்பார்.

ஆமென்றால் போச்சு. முகமூடியைக் கழுத்துக்கு இறக்கி, ஸ்ப்ரே கன்னும் கையுமாக நான்கு வரி சிங்களப் பாட்டைப் பாடிவிட்டு, "இதுக்கு மேல தெரியுமா பாய்?" என்பார். கையில் கன் இருப்பதால் யாரும் சிரிக்க மாட்டார்கள்.

விஷயம் இதுதான். சிங்களப் படங்கள் வரத் தொடங்கிய காலத்தில் பலவற்றைச் சென்னை ஸ்டூடியோக்களில் எடுத்தார்கள். அண்ணனின் அப்பா அங்கே ஆர்மோனியக்காரர். ஒரு வார்த்தை சிங்களம் தெரியாமல், வரிகளைத் தமிழ் எழுத்தில் எழுதி வைத்துக்கொண்டு மெட்டுப் போட்டவர். படத்தில் அவர் பெயரைப் போடவில்லை. வீட்டிலிருந்த நோட்டில் பல்லவி மட்டும் மிஞ்சியது. சரணம் இருந்த பக்கம் மழையில் கரைந்துவிட்டது.

"சரணம் தெரிஞ்ச ஒரு ஆளு போதும் தம்பி. இது எங்கப்பா மெட்டுன்னு அவங்ககிட்ட சொல்லிட்டா, மறுநாளே விசாவ கேன்சல் பண்ணிட்டு ஊருக்குப் போயிடுவேன்."

அவசரத்தில் இருந்த ஒருவர் "தெரியும்" என்று புளுகி ஏதோ ஒரு இந்திப் பாட்டைப் பாடினார். அவர் வண்டி மூன்று நாள் வெறும் பிரைமர் பூச்சோடு வெயிலில் நின்றது. "கஸ்டமர்கிட்ட பாட்டு கலாஸ், இனிமே கூடாது!" என்று மேனேஜர் கத்தினார். மறுநாளிலிருந்து அண்ணன் வாயை மூடிக்கொண்டு முனகினார், கேள்வியைப் புருவத்தால் கேட்டார்.

அப்புறம் ஒருநாள் கதவு நசுங்கிய கார் ஒன்று வந்தது. பின்சீட்டில் தூங்கும் குழந்தையை மடியில் போட்டபடி அறுபது வயதுப் பணிப்பெண். சிங்களத்தி. அண்ணன் மெதுவாகப் பாடினார். அவர் நிறுத்திய இடத்திலிருந்து அந்தம்மா தொடர்ந்தார். குழந்தையைத் தட்டிக்கொண்டே இரண்டு சரணமும் பாடினார். அண்ணன் திரும்பச் சொல்லச் சொல்லி, ஜாப் கார்டின் பின்பக்கத்தில் தமிழில் எழுதினார்.

"அம்மா, இது யாரு போட்ட பாட்டுன்னு தெரியுமா?"

அந்தம்மாவுக்குக் கொஞ்சம் தமிழ் வந்தது. "யாரும் இல்ல. என் அம்மா பாட்டு. அம்மா செத்த நாள் எனக்கு லீவு இல்ல. போன்ல இதுதான் பாடினேன்."

அண்ணன் கார்டை மடித்துச் சட்டைப் பையில் வைத்தார். "நல்லா பாடுறீங்கம்மா" என்றார். அவ்வளவுதான்.

எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. "இத்தனை வருஷமா இதுக்குத்தானே காத்திருந்தீங்க, ஏன்ணே சொல்லல?"

"அவங்களுக்கு அது அவங்கம்மா, தம்பி. நடுவுல எங்கப்பாவ எங்க கொண்டுபோய் உக்கார வைக்கிறது?"

அந்தம்மாவிடம் சொல்லாவிட்டாலும், மறுநாளே விசாவை கேன்சல் செய்தார். கிளம்பும்போது அந்தக் கார்டை என்னிடம் தந்தார். "எனக்கு மனப்பாடம் ஆயிடுச்சு. நீ வெச்சுக்க."

போன வருஷம் அவர் இறந்த செய்தி வந்தது. எனக்கும் லீவு கிடைக்கவில்லை. அன்று கேபினில் உட்கார்ந்து கார்டைப் பார்த்துப் பாடி அழுதேன்.

இப்போது சிங்களவர் யார் வந்தாலும், சுருதி சேராத என் குரலில் முழுப் பாட்டையும் பாடிக் காட்டுகிறேன். முடித்துவிட்டு, அண்ணன் சொல்லாமல் போனதை நான் சொல்கிறேன்: "இது எங்க அண்ணனோட அப்பா போட்ட மெட்டு."