வாளை மீன் தாழ்ப்பாள்

டொக்.

அப்புறம் ஒரு முனகல். மறுபடியும் டொக்.

குசினியில் பால் ஆற்றிக்கொண்டிருந்த பெர்சியின் கை அந்தரத்தில் நின்றது. வெளியே நன்றாக இருட்டியிருந்தது. முதலில் பின்வாசல் கதவைத்தான் பார்த்தாள். அது வழக்கம்போல ஒருக்களித்துக் கிடந்தது.

அந்தக் கதவுக்குத் தாழ்ப்பாள் உண்டு. பேருக்கு உண்டு. உப்புக் காற்றில் துரு ஏறி, தோளைக் கொடுத்து முட்டினால்தான் நகரும். நகரும்போது போடும் கூச்சலுக்குத் தெருவே எழுந்து உட்காரும். ஆபரேஷன் பண்ணிப் பிள்ளை பெற்று, இப்போதுதான் தாய் வீட்டிலிருந்து வந்திருக்கும் பெர்சியால் முட்டவும் முடியாது, தள்ளவும் முடியாது. கொல்லைச் சுவரோ இடுப்பளவு. அதற்கு அந்தப் பக்கம் உடைமரக் காடு, அதையும் தாண்டினால் உப்பளம். மாதத்தில் பாதி நாள் புருஷனுக்கு ஹார்பரில் நைட் ஷிப்ட். அந்த நாட்களில் எவர்சில்வர் தட்டுகளைக் கதவோரம் கோபுரமாக அடுக்கிவிட்டுப் படுப்பாள். திருடன் வந்தால் தட்டு சரியும், சத்தம் கேட்கும். கேட்ட பிறகு என்ன செய்வது என்று அவள் யோசித்து வைத்திருக்கவில்லை. பால் குடிக்கும் பிள்ளையை வைத்திருப்பவளுக்கு அவ்வளவு தூரம் யோசிக்கத் தூக்கம் விடுவதில்லை.

டொக். "உப்பு," என்றது சத்தம்.

தூத்துக்குடியில் உப்பைத் திருட எவன் மெனக்கெட்டு வருவான்? பெர்சி அரிவாள்மணையைத் தூக்கிக்கொண்டு ஹாலை எட்டிப் பார்த்தாள்.

ஆன்றோ நின்றுகொண்டிருந்தான். அவள் புருஷன்தான், எப்போது வேலையிலிருந்து வந்தானோ. கண்ணை மூடிக்கொண்டு, பிரிட்ஜை விரல் முட்டியால் தட்டிக்கொண்டிருந்தான்.

"ஏங்க! என்ன பண்ணுதீய?"

"சத்தம் போடாத ளா. மாளிகைக்குள்ள இருக்கேன்."

"இது வாடகை வீடு."

"மனசுக்குள்ள கட்டுத மாளிகை! நீ முதல்ல அந்த அரிவாள்மணையக் கீழ வை."

ஆன்றோவுக்கு ஒரு கப்பல் ஏஜென்சி ஆபீஸில் வேலை. கண்டெய்னர் நம்பர்களைச் சரிபார்க்கிற வேலை. ஆபீஸில் சென்னையிலிருந்து ஒருவரை வரவழைத்து ஞாபகசக்தி டிரெய்னிங் கொடுத்திருந்தார்கள். ஆன்றோ அங்கிருந்து ஒரு வார்த்தையைப் பிடித்துக்கொண்டு வந்திருந்தான்.

"நிமோனிக்," என்றான், திருப்பலியில் வாசகம் வாசிக்கிற குரலில். "கிரேக்க வார்த்தை. ஒரு விசயத்த ஞாபகம் வச்சுக்கிடுததுக்கு இன்னொண்ண அடையாளமா வைக்கோம் பாரு, அந்த அடையாளத்துக்குப் பேரு."

"விப்ஜியார்," என்றாள் பெர்சி.

"என்னது?"

"வானவில் நிறம். கான்வென்ட்ல சிஸ்டர் சொல்லித் தந்தாங்க. எந்த மாசத்துக்கு முப்பத்தொண்ணுன்னு விரல் முட்டிய எண்ணிப் பாக்கதும் அந்த வகைதான்."

ஆன்றோவுக்கு முகம் சுருங்கியது. உடனே நிமிர்ந்துகொண்டான். "ஸ்பெல்லிங் தெரியுமா? முன்னால ஒரு எம் நிக்கும். அதச் சொல்லப்பிடாது."

"சொல்லாத எழுத்து எதுக்கு?"

"அது பாட்டுக்கு இருக்கும். சத்தம் வராது."

இந்த வீட்டிலும் அப்படி ஒரு ஆள் இருக்கத்தான் செய்கிறாள் என்று பெர்சி நினைத்துக்கொண்டாள்.

வித்தை இதுதான். வீட்டில் ஒவ்வொரு இடத்திலும் ஒவ்வொரு வேலையை மனசால் கொண்டுபோய் வைக்க வேண்டும். சும்மா வைத்தால் நிற்காது. கோமாளித்தனமாக வைக்க வேண்டும். சோபாவில் மேனேஜர் ஒரு சுறாவை மடியில் போட்டுத் தாலாட்டிக்கொண்டிருந்தார். அது ஆபீஸ் கணக்கு முடிக்கிற நாள். டிவி மேலே காஸ் சிலிண்டர் சம்மணம் போட்டிருந்தது. பிரிட்ஜிலிருந்து உப்பு மழையாகக் கொட்டியது. தொட்டில் கம்பியில் ஒரு நர்ஸ் ஊசியோடு ஊஞ்சல் ஆடினாள். அது பிள்ளைக்குத் தடுப்பூசி.

"என் தாழ்ப்பாள எங்க வச்சீய?"

ஆன்றோ கொஞ்சம் தயங்கினான். "பின்வாசல் கதவுலதான். குறுக்க ஒரு நீள வாளை மீனு மாட்டிக் கெடக்கு. பளபளன்னு. மறக்குமா?"

"ஆசாரியக் கூப்பிட்டா ஒரு மணி நேரத்துல முடிஞ்சிரும்."

"நம்ம வீட்டு வேலைக்கு ஊரான் எதுக்கு? ஒரு நல்ல தாழ்ப்பாளா வாங்கி நாலு ஸ்குரூவ முடுக்குனா ஆச்சு. நாளைக்கே வாங்குதேன்."

இந்த 'நாளைக்கு', பிள்ளைக்கு ஞானஸ்நானம் கொடுத்த நாளிலிருந்தே வந்துகொண்டிருந்தது.

மறுநாள் பக்கத்து வீட்டு ஆறுமுகத்தாயக்கா கறிவேப்பிலை கேட்டு வந்தாள். ஆன்றோ அவளையும் பிடித்து உட்காரவைத்து நிமோனிக் சொல்லிக்கொடுத்தான். அந்த ஒரு வார்த்தையை அவன் சட்டையாகவும் போட்டான், செருப்பாகவும் போட்டான். 'நிமோனிக் பண்ணிட்டேன்' என்றான், 'நிமோனிக்ல ஏத்திட்டேன்' என்றான், 'அந்தாளுக்கு நிமோனிக் பத்தாது' என்றான்.

"இதுக்குத் தமிழ்ல என்ன தம்பி?" என்றாள் அக்கா.

"தமிழ்ல கெடையாதுக்கா."

"ஏன் கெடையாது? அடையாளம் வைக்கதுதான?" ஆறுமுகத்தாய் முந்தானையைத் தூக்கிக் காட்டினாள். நுனியில் வரிசையாக முடிச்சு. "இது சீரகம். இது கரண்டு பில்லு. இந்தப் பெரிய முடிச்சு எங்க நாத்தனாரு பேசுன பேச்சு. அவிழ்க்கவே மாட்டேன்."

"அதெல்லாம் பழைய மாடல்க்கா. சேலைய மாத்துனா ஞாபகமும் மாறிரும். இது அப்படியில்ல. சூத்திரம் ரொம்பச் சின்னது. மறக்கக் கூடாத பொருள, நாம ஒருநாளும் மறக்காமப் போற இடத்துல கொண்டு வைக்கணும். அவ்வளவுதான். நீங்களே சாட்சி. இனிமே இந்த ஆன்றோ வாயில மறந்துட்டேன்னு ஒரு சொல்லு வராது."

"கேட்டியா ளா பெர்சி?"

"கேட்டேன்க்கா," என்றாள் பெர்சி.

சொன்னபடிதான் நடந்தது. அதில் குறை சொல்ல முடியாது. காஸ் வந்தது. உப்பு வந்தது. பிள்ளைக்கு ஊசி போட அவனே ஆபீஸில் பெர்மிஷன் போட்டுவிட்டு வந்தான். மாமியாருக்கு ஆத்தூர் வெற்றிலைகூட நினைவாக வாங்கி வந்தான். அது செருப்பு ஸ்டாண்டில் பச்சைப் பாம்பாகச் சுருண்டு கிடந்ததாம். மூன்றாம் வீட்டு நாய்க்குப் பிறந்தநாள் என்று சொன்னால் அதையும் எங்கேயாவது மாட்டி வைத்திருப்பான்.

தாழ்ப்பாள் மட்டும் வரவில்லை.

சனிக்கிழமை வந்தான், கையில் பையோடு. பெர்சி ஓடிப்போய் வாங்கினாள். உள்ளே வாளை மீன். கைநீளத்துக்கு, வெள்ளியைத் தட்டிச் செய்த மாதிரி பளபளவென்று கிடந்தது.

"என்னது இது?"

"திரேஸ்புரத்துல பாத்தேன். பாத்த ஒடனே நம்ம கதவு ஞாபகம் வந்துட்டு. பாத்தியா, நிமோனிக் எப்படி வேலை செய்யுது!"

"தாழ்ப்பாளு?"

"பாதி வேலை செஞ்சிருக்கு. மீதி வர்ற வாரம் செய்யும்."

"அப்ப இன்னைக்கு ராத்திரி இந்த மீனக் குறுக்க மாட்டிட்டுப் படுக்கட்டுமா?"

"சும்மா கெட. கொழம்பு வை, ருசியா இருக்கும். ஆமா, திங்கக்கிழமையிலேருந்து எனக்கு நைட்டு."

திங்கட்கிழமை. மறுபடியும் தட்டுக் கோபுரம். மறுபடியும் உடைமரத்தில் காற்று உரசுகிற ஒவ்வொரு சத்தத்துக்கும் பிள்ளையை நெஞ்சோடு இழுத்துக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டும். அழுவதற்குக்கூட அவளுக்கு அலுப்பாக இருந்தது. மீனைத் தூக்கிக்கொண்டு கொல்லைக்குப் போனாள்.

கொல்லையில் மீன் உரசுகிற கல் ஒன்று உண்டு. பிள்ளை பிறந்ததிலிருந்து அவள் அந்தப் பக்கமே போகவில்லை. வீட்டில் மீன் அறுப்பதையே நிறுத்தியிருந்தார்கள். கல்லுக்குப் பக்கத்தில் ஓட்டைச் சட்டி ஒன்று கவிழ்ந்து கிடந்தது. குடலைப் போட அதைத் திருப்பினாள்.

உள்ளே ஒரு சிகரெட் பாக்கெட். நனையாமல் பிளாஸ்டிக் பையில் சுற்றி, பக்கத்திலேயே தீப்பெட்டி, வாய்க்குப் போட ஏலக்காய். அடுக்கியிருந்த அழகைப் பார்த்தால் பீடம் மாதிரி இருந்தது.

பிள்ளைக்கு ஞானஸ்நானம் கொடுத்த அன்று, மாதா முன்னால் முழங்காலில் நின்று, இனி சிகரெட்டைத் தொடுவதில்லை என்று நேர்ந்துகொண்டவன் ஆன்றோ.

சுவருக்கு அந்தப் பக்கம் ஆறுமுகத்தாய் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள். "பாத்துட்டியா?" என்றாள். "நித்தம் சாப்பிட்ட பெறவு ஒருக்க, நீங்க தூங்குன பெறவு ஒருக்க வந்து நின்னு ஊதுதாரு. ஒனக்குத் தெரியும்னுல்லா நெனச்சேன்."

"டேங்குல தண்ணி பாக்கப் போறேன்னுதான்க்கா சொல்லுவாங்க."

"தண்ணி பொகையுமா ளா?"

பெர்சி மீன் கல்லிலேயே உட்கார்ந்துவிட்டாள். எல்லாம் வரிசையாக வந்து நின்றது. துருப்பிடித்த தாழ்ப்பாளைப் போட்டால், திறக்கும்போது அலறும். பிள்ளை எழுந்துவிடும், பெர்சி எழுந்துவிடுவாள். நல்ல தாழ்ப்பாள் போட்டாலோ, செபம் முடிந்ததும் அவளே போட்டுவிடுவாள். கதவு ஒருக்களித்துக் கிடந்தால்தான் பூனை மாதிரிப் போய்வரலாம். அவன் மறக்கவே இல்லை. ஒவ்வொரு நாளும் ஞாபகமாக மறந்திருக்கிறான். அவனுடைய ஒரு சிகரெட்டுக்காகத்தான் அவள் இத்தனை ராத்திரி தட்டுக்குக் காவல் இருந்திருக்கிறாள்.

சண்டை போடலாம். சண்டைக்குத் தெம்பு வேண்டும். பிள்ளை வேறு உள்ளே சிணுங்கத் தொடங்கியிருந்தது.

"அக்கா, ஒங்க வீட்டு ஜன்னல் செஞ்ச ஆசாரி நம்பர் இருக்கா?"

"எதுக்கு?"

"ஒரு நிமோனிக் வைக்கணும்."

ஞாயிற்றுக்கிழமை திருப்பலி முடிந்து ஆன்றோ சிநேகிதர்களோடு கடற்கரைக்குப் போன நேரத்தில் வேல்ராஜ் ஆசாரி வந்தார். வேலை சீக்கிரம் முடிந்துவிட்டது. பழைய தாழ்ப்பாளைக் கழற்றிக் கையில் கொடுத்து, "இதக் குப்பையில போட்டுரும்மா," என்றார்.

"வேண்டாம் அண்ணாச்சி. இதுக்கு ஒரு எடம் இருக்கு."

"புதுசு துருப்பிடிக்காது. தொட்டாப் போதும், வழுக்கிக்கிட்டு ஓடும். தள்ளிப் பாரு."

பெர்சி தள்ளிப் பார்த்தாள். ரெண்டு விரல். சளக். அடிவயிற்றில் தையல் இழுக்கவில்லை. அவளுக்குக் கண் கலங்கிவிட்டது. ஆசாரி அதைப் பார்க்காத மாதிரி உளியைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

அன்று ராத்திரி ஆன்றோ, முந்தின நாள் வைத்த வாளை மீன் குழம்பை வழித்து நக்கிச் சாப்பிட்டான். பின்வாசல் கதவில், புதுத் தாழ்ப்பாளை மறைத்துக்கொண்டு பிள்ளையின் துண்டு காய்ந்துகொண்டிருந்தது. வாயைத் துடைத்துக்கொண்டு எழுந்தான்.

"டேங்குல தண்ணி ஏறிருக்கான்னு ஒரு பார்வை பாத்துட்டு வாரேன்."

"பாத்துட்டு வாங்க," என்றாள் பெர்சி. பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு, துண்டை மெதுவாக எடுத்தாள். கதவைச் சாத்தினாள்.

வெளியே சட்டி புரளும் சத்தம். அப்புறம் இரும்பு கல்லில் விழுந்த சத்தம். பெர்சி புதுத் தாழ்ப்பாளைத் தொட்டாள்.

சளக்.

"பெர்சி!" குரல் கதவுக்குப் பக்கத்தில் வந்துவிட்டது. "ஏளா, இங்கன சட்டிக்குள்ள என்னமோ கெடக்கு."

"என்ன கெடக்கு?"

"நம்ம... நம்ம பழைய தாழ்ப்பாளு."

"அது நிமோனிக்," என்றாள் பெர்சி. "நீங்க ஒருநாளும் மறக்காமப் போற இடம்லா அது? அங்கதான் வைக்கணும்னு நீங்கதான சொன்னீய?"

நிமோனிக்குக்கு முன்னால் நிற்கிற அந்த எம் எழுத்து மாதிரி, வெளியே ஆள் மட்டும் இருந்தது.

சுவருக்கு அப்பாலிருந்து ஆறுமுகத்தாயின் குரல் வந்தது. "தம்பி, டேங்கு நெறஞ்சிட்டா?"

"அக்கா, நீங்க பேசாம இருங்க!" என்று அங்கே ஒரு சீறல். பிறகு கதவோரம் ஒரு கெஞ்சல். "பெர்சி, சத்தியமா மறந்துட்டேன் ளா. வேலை டென்ஷன். தாழ்ப்பாள் வாங்கணும்னு நெனப்பு வரும், பெறவு மறந்து போவும்."

"போன வாரம் இதச் சொல்லியிருந்தா நம்பியிருப்பேன். அக்காவ சாட்சி வச்சு, மறதியே கெடையாதுன்னு நீங்கதான சொன்னீய?"

"கொசு கடிக்குது ளா. தொற."

"எனக்குக் கடிக்காத கொசுவா? நான் இத்தன நாளு இந்தக் கதவப் பாத்துக்கிட்டே முழிச்சுக் கெடந்தேன். எல்லாம் ஒங்க ஒரு பொகைக்காக."

வெளியே ஏதோ பறந்துபோய் உடைமரத்தில் விழுந்தது. தீப்பெட்டியும் பின்னாலேயே போனது. ஏலக்காய் போனதா என்று தெரியவில்லை.

"எறிஞ்சிட்டேன்," என்றான் ஆன்றோ. அந்தக் குரலில் மாளிகை ஒன்றும் மிச்சமில்லை. "தப்புத்தான் பெர்சி. தொற."

பெர்சி திறந்தாள். ஆன்றோ தலையைக் குனிந்துகொண்டு உள்ளே வந்தான். துருப்பிடித்த தாழ்ப்பாளை எங்கே வைப்பது என்று தெரியாமல் கையிலேயே வைத்திருந்தான். கன்னமெல்லாம் கொசு கடித்துத் தடித்திருந்தது. புதுத் தாழ்ப்பாளைப் பார்த்தான், அவளைப் பார்த்தான், ஏதோ சொல்ல வாயெடுத்தான்.

அவள் பிள்ளையைத் தூக்கி அவன் தோளில் போட்டாள்.

"எங்க ளா போற?"

"தூங்கப் போறேன். பிள்ள முழிச்சிக்கிட்டுத்தான் இருக்கு. விடியுற வரைக்கும் நீங்கதான் வச்சிருக்கணும். மறந்துராதீய."

சொல்லிவிட்டு, ரெண்டு விரலால் பின்வாசல் தாழ்ப்பாளைத் தள்ளினாள்.

சளக்.