ஏலக்காய் ஸ்டோரில் வெந்த பம்பளிமாஸ்

தலை தீபாவளிக்கு வந்திருக்கும் மாப்பிள்ளையிடம் மாமனார் வீட்டில் யாரும் 'முடியாது' என்று சொல்ல மாட்டார்கள். வெளியிலிருந்து பார்ப்பவர்களுக்கு இது பெரிய யோகமாகத் தெரியும். உண்மையில் இதைவிடப் பெரிய ஆபத்து ஒரு மனிதனுக்கு வரக் கூடாது. மற்ற நாட்களில் நம் முட்டாள்தனத்துக்கு நாலு பேர் குறுக்கே நின்று நம்மைக் காப்பாற்றிக்கொண்டே இருக்கிறார்கள். தலை தீபாவளியன்று அந்த நாலு பேரும் வழிவிட்டு ஒதுங்கி நிற்பார்கள்.

எனக்கு அது எழுபதுகளின் கடைசியில் நடந்தது. அப்போது நான் மதுரையில் ஓர் அலுவலகத்தில் குமாஸ்தா. மீசையை வாரம் ஒரு வடிவில் கத்தரித்துக்கொள்ளும் வயது. மனைவி செல்விக்குப் போடிப் பக்கம் ராசிங்காபுரம். மாமனாருக்கு ஊரில் வயல், குரங்கணிக்கு மேலே மலையில் கொஞ்சம் ஏலக்காய்த் தோட்டம்.

கல்யாணத்துக்கு முந்தின வருடம் அலுவலக வேலையாக என்னைக் கொடைக்கானலுக்கு அனுப்பியிருந்தார்கள். தங்கிய விடுதியில் காலையில் தட்டில் ஒரு பாதிப் பழம் வந்தது. சாத்துக்குடிக்கும் பம்பளிமாசுக்கும் நடுவில் ஒரு சாதி. குறுக்கே வெட்டி, மேலே சர்க்கரை தூவி, அடுப்பில் வாட்டி, ஆவி பறக்கக் கொண்டுவந்து வைத்தார்கள். பாதியாக வெட்டிய பழத்தை நான் மாரியம்மன் கோயில் எலுமிச்சை விளக்காக மட்டுமே பார்த்திருந்தேன். திரி எங்கே என்று கொஞ்ச நேரம் தேடினேன். பிறகு பக்கத்து மேசைக்காரர் கரண்டியால் தோண்டித் தின்பதைப் பார்த்து நானும் தோண்டினேன். அந்தப் பண்டத்துக்கும் எனக்கும் உள்ள உறவு அவ்வளவுதான்.

கல்யாணமான புதிதில் செல்வியிடம் சொன்னபோது அந்த உறவு கொஞ்சம் நெருக்கமாகிவிட்டது. 'சாப்பிட்டேன்' என்பது 'செய்யத் தெரியும்' என்றாகி, 'அந்தச் சமையல்காரனுக்கே ஒரு யோசனை சொல்லிவிட்டு வந்தேன்' என்பதில் போய் நின்றது. (புது மனைவி கண்ணை விரித்துக் கேட்கும்போது யாருக்குத்தான் நாக்கு கட்டுப்படும்?)

தீபாவளி முடிந்த மறுநாள் மாமா எங்களை ஜீப்பில் மலைக்குக் கூட்டிப் போனார். ஏலக்காய் எடுக்கும் காலம். மாமா, அத்தை, செல்வியின் அண்ணன் பாண்டி, நாங்கள் இருவர். தோட்டத்து வீட்டின் முன்னால் ஒரு பம்பளிமாஸ் மரம். ஒவ்வொரு பழமும் கைக்குழந்தையின் தலை அளவு. நான் ஜீப்பை விட்டு முழுதாக இறங்குவதற்குள் செல்வி மரத்தைக் காட்டிவிட்டாள்.

"அப்பா, இதச் சுட்டு அவுக ஒரு இங்கிலீசுப் பலகாரம் செய்வாக. கொடைக்கானல்ல படிச்சுட்டு வந்திருக்காக."

"பம்பளிமாசையா? சுடவா?" என்றார் மாமா. கேட்டது மாப்பிள்ளைக்கு மரியாதைக் குறைவாகிவிட்டதோ என்று பயந்து, "சுட்டா நல்லாத்தான் இருக்கும்" என்று உடனே சேர்த்துக்கொண்டார்.

நான் தப்பிக்கப் பார்த்தேன். "அதுக்கு வேற மாதிரி அடுப்பு வேணும் மாமா. மூடின அடுப்பு. பேக்கரியில இருக்குமே, நாலு பக்கமும் சூடு வர்ற மாதிரி. இங்க அதுக்கு எங்க போறது?"

"சூடுதான மாப்பிள்ளை? நம்ம ஸ்டோர் எதுக்கு இருக்கு?"

பச்சைக் காயை உலர்த்தும் கட்டடத்துக்கு அங்கே ஸ்டோர் என்று பெயர். வெளியே ஒரு விறகடுப்பு. அதன் சூடு தகரக் குழாய் வழியாக உள்ளே போய் அறையைச் சுற்றி வரும். அறைக்குள் கம்பிவலைத் தட்டுகள் அடுக்கடுக்காக இருக்கும். அவற்றில் பரப்பிய காய், பச்சை நிறம் மாறாமல் இளஞ்சூட்டில் மெதுவாகக் காய வேண்டும். அந்த நிறத்தைப் பார்த்துத்தான் போடியில் வியாபாரிகள் ஏலம் கேட்பார்கள். இதெல்லாம் எனக்குப் பின்னால் தெரிந்தது. அன்றைக்குத் தெரிந்தது, நான் மாட்டிக்கொண்டேன் என்பது மட்டும்தான்.

பாண்டி அரிவாளால் பழங்களை இரண்டிரண்டாகப் பிளந்தான். அத்தை கையைப் பிசைந்துகொண்டு வந்தார்.

"சீனிய ஊர்லயே மறந்து வச்சுட்டு வந்துட்டேன் மாப்பிள்ளை. வெல்லந்தான் இருக்கு."

"வெல்லந்தான் அத்தை இதுக்கு விசேசம்" என்றேன். ஒவ்வொரு பாதியின் மேலும் பிள்ளையார் பிடிப்பதுபோல் வெல்லத்தைக் குவித்தேன். எவ்வளவு போடுவது என்று எனக்குத் தெரியாது. தெரியாத இடத்தில் தாராளமாக இருந்துவிடுவது என் சுபாவம்.

ஸ்டோருக்குள் எல்லாத் தட்டிலும் காய் நிறைந்திருந்தது. மாமா உச்சித் தட்டில் இருந்த காயை ஒதுக்கி இடம் செய்துகொடுத்தார். "அடியில ஒரு தாம்பாளம் வச்சுக்கிருவமா மாப்பிள்ளை?" என்று ரொம்பத் தயங்கிக் கேட்டார். அன்று முழுவதும் அந்த வீட்டில் பேசப்பட்ட ஒரே புத்திசாலித்தனமான வார்த்தை அதுதான்.

"தாம்பாளம் வச்சா சூடு ஏறாது மாமா" என்றேன். இந்த அறிவியல் எனக்கு எங்கிருந்து வந்தது என்று இன்றுவரை தெரியாது. வலைமேல் நேரடியாகப் பழங்களை அடுக்கினோம். கதவைச் சாத்தினோம்.

மதியம் போய்த் தொட்டுப் பார்த்தேன். பம்பளிமாஸ் எருமை மூக்குபோலக் குளிர்ந்தே இருந்தது. தோல் விரற்கடை கனம். அதற்குள் சூடு நுழைவதென்றால் அழைப்பிதழ் வைக்க வேண்டும்.

"சூடு பத்தாது மச்சான். இன்னும் ரெண்டு கட்டைய வைங்க" என்றேன்.

பாண்டி மாமாவைப் பார்த்தான். மாமா பிடரியைச் சொறிந்தார், மலையைப் பார்த்தார், தொண்டையைச் செருமினார். ஒரு வருடத்து உழைப்பு உள்ளே காய்ந்துகொண்டிருந்தது. மாப்பிள்ளை வெளியே நின்றுகொண்டிருந்தார்.

"மாப்பிள்ளைதான் சொல்றாருல்ல. வைய்யி" என்றார் கடைசியில்.

பாண்டிக்கு அந்த அனுமதி போதும். அவன் வைத்த தீயில் தகரக் குழாய் கணகணவென்று பேச ஆரம்பித்துவிட்டது. சாயங்காலம் கதவைத் திறந்தபோது வெக்கையில் என் மீசை நுனி சுருண்டது. பழங்கள் சுருங்கி, கன்னம் ஒட்டி உட்கார்ந்திருந்தன. மேலே குவித்த வெல்லத்தில் ஒரு துளி இல்லை.

"பாத்தீங்களா, வெல்லம் பூரா உள்ள எறங்கிருச்சு" என்றேன் பெருமையாக.

எல்லோரும் தலையாட்டினார்கள். எதற்குள் இறங்கியது என்று யாரும் கேட்கவில்லை.

வாழை இலையில் ஆளுக்கொரு பாதி. நான்தான் பரிமாறினேன். பம்பளிமாஸ் தோலின் வெள்ளைச் சதையில் இருக்கும் கசப்பு சூட்டில் கரைந்து சுளைக்குள் போயிருந்தது. முதல் வாயிலேயே என் காது இரண்டும் ஒரு முறை அசைந்து நின்றன. வேப்பங்கொழுந்தை வெந்நீரில் ஊறவைத்து எலுமிச்சை பிழிந்தால் ஏறக்குறைய அந்த ருசி வரும். நிமிர்ந்து பார்த்தேன். நாலு பேரும் என் முகத்தைப் பார்த்துக்கொண்டே மென்றுகொண்டிருந்தார்கள். நான் சிரித்தேன். அவர்களும் சிரித்தார்கள்.

"எப்படி அத்தை?"

அத்தை பொய் சொல்லாதவர். கொஞ்சம் யோசித்தார். "நல்லா சூடா இருக்கு மாப்பிள்ளை" என்றார்.

"வயித்துக்கு நல்லதுன்னு நாக்குலயே தெரியுது" என்றார் மாமா, கண்ணில் நீரோடு. பாண்டி மட்டும் கடகடவென்று தின்று முடித்தான். பாவம், மருந்தை அப்படித்தான் விழுங்குவது அவனுக்கு வழக்கமாம். வேகத்தைப் பார்த்து, பிடித்துப்போய்விட்டது என்று அத்தை அவன் இலையில் இன்னொரு பாதியை வைத்தார்.

மறுநாள் மத்தியானம் சாப்பிட்டுத் தூங்கி எழுந்தேன். வீட்டில் ஒரு சத்தம் இல்லை. வெளியே வந்தால், பின்பக்கம் ஓடைக்கரையில் குடும்பமே அண்டாவும் கூடையுமாக உட்கார்ந்து எதையோ அலசிக்கொண்டிருந்தது. கிட்டே போனால் ஏலக்காய்.

"என்ன மாமா, காஞ்ச காயக் கழுவுறீங்க?"

நாலு பேரும் ஒரே சமயத்தில் நிமிர்ந்தார்கள். எலும்பு கடித்த நாய் பிடிபட்டதுபோல் ஒரு முழி. மாமாதான் சுதாரித்தார்.

"அது எங்க பக்கத்து வழக்கம் மாப்பிள்ளை. கழுவித்தான் கொண்டுபோவோம். சுத்தம் பாருங்க."

நான் மெச்சினேன். "நல்ல வழக்கம். எல்லாரும் இப்படிச் செய்யணும்" என்று சொல்லி, ஒரு காயை எடுத்துத் தேய்த்தும் காட்டினேன். செல்வி முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு வீட்டுக்குள் ஓடினாள். அவளுக்கு உடம்புக்கு என்னவோ என்று கவலைப்பட்டேன்.

அந்த வாரக் கடைசியில் நாங்கள் மதுரைக்குக் கிளம்பினோம். அன்றைக்கே போடியில் மாமாவின் காய் ஏலத்துக்கு வந்தது. ரயிலுக்கு நேரம் இருந்தது.

"நானும் வர்றேன் மாமா. ஏலம் எப்படி நடக்குதுன்னு பாக்கணும்" என்றேன்.

"அங்க என்ன மாப்பிள்ளை, ஒரே தூசி, கூட்டம்" என்றார்.

"எனக்கு ஒரு சிரமமும் இல்ல" என்றேன். சிரமம் யாருக்கு என்பது புரியாமல்.

ஏலக்கூடத்தில் மாதிரிக் காயைத் தட்டில் வைத்து வரிசையாக அனுப்பினார்கள். வியாபாரிகள் ஒரு பிடி அள்ளிப் பார்த்து, திரும்பத் தட்டில் போடுவார்கள். எங்கள் தட்டு வந்தது. காய் பச்சையும் இல்லாமல் பழுப்பும் இல்லாமல் காய்ச்சலில் விழுந்து எழுந்ததுபோல் இருந்தது. வெள்ளைச் சட்டை போட்ட ஒரு பெரிய வியாபாரி ஒரு பிடி அள்ளினார். பார்த்தார். கையைக் கவிழ்த்தார். காய் விழவில்லை. உதறினார். ரெண்டு விழுந்தது. மிச்சம் உள்ளங்கையிலேயே குடியிருந்தது.

"என்ன அண்ணே, ஒங்க காயி கைய விட மாட்டேங்குது?" என்றார் மாமாவிடம்.

மாமா கூரையைப் பார்த்தார். பாண்டி வாசலைப் பார்த்தான். குடும்ப மானம் காற்றில் போகிறதே என்று நான் முன்னால் வந்தேன்.

"நாங்க கழுவித்தான் கொண்டு வர்றோம். அந்த ஈரமா இருக்கும்" என்று கூடம் முழுவதும் கேட்கச் சொன்னேன்.

"கழுவியா?" என்றார் வியாபாரி. கூடத்தில் எல்லோரும் திரும்பினார்கள். அவர் மெதுவாக உள்ளங்கையை முகர்ந்தார். பிறகு நுனி நாக்கால் தொட்டார். "இனிக்குது" என்றார். இன்னொரு முறை தொட்டார். "கசக்கவும் செய்யுது."

நான் ஒரு காயை எடுத்து வாயில் போட்டேன். இனிப்பு. அதன் பின்னாலேயே அந்தக் கசப்பு. என் காது இரண்டும் அசைந்து நின்றன. வெல்லம் எங்கே இறங்கியது என்பது எனக்கு அந்த இடத்தில்தான் தெரிந்தது. உச்சித் தட்டிலிருந்து அடித்தட்டு வரை, வலை வலையாக. கட்டி கட்டியாக ஒட்டிக்கொண்டதை மட்டும் இவர்கள் கழுவியிருக்கிறார்கள். லேசாகப் பட்டது தப்பிவிட்டது.

"மாமா..." என்றேன்.

"ரயிலுக்கு நேரமாச்சு மாப்பிள்ளை" என்றார் அந்த மகாத்மா.

மாமா எங்களை ரயிலேற்றிவிட்டார். வண்டி நகர்ந்ததும் செல்வி ஆரம்பித்த சிரிப்பு உசிலம்பட்டி தாண்டியும் அடங்கவில்லை. எதிரில் உட்கார்ந்திருந்த அம்மாள் இருமலோ என்று தண்ணீர் கொடுத்தார்.

அந்தக் காயை வியாபாரிகள் யாரும் எடுக்கவில்லை. கடைசியில் கடைத்தெரு மிட்டாய்க் கடைக்காரர் ஒருவர் வந்து மொத்தமாக வாங்கிக்கொண்டார். அடுத்த தீபாவளிக்கு அவரே மாமாவைத் தேடி வந்து, "மாப்பிள்ளை போட்ட காயி இந்த வருசமும் உண்டா?" என்று கேட்டாராம். அன்றிலிருந்து எங்கள் வீட்டில் பாயசத்தில் இனிப்புக் குறைந்தால், 'கொஞ்சம் மாப்பிள்ளைக் காய் தட்டிப் போடு' என்பார்கள். மாமாவும் அத்தையும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். அந்தப் பேச்சு மட்டும் போகவில்லை.

போன பொங்கலுக்குச் செல்வி வழக்கம்போல அடுப்படியிலிருந்து அதைச் சொல்லியிருக்கிறாள். வீட்டுக்குப் புதிதாக வந்த எங்கள் மருமகள் அதை நிஜமென்று நினைத்து, பையை எடுத்துக்கொண்டு கடைக்குப் போய்விட்டாள். வெறுங்கையோடு திரும்பி வந்தாள்.

"அத்தை, மாப்பிள்ளைக் காய் இப்ப வர்றதில்லையாம். முன்னாடி நல்லா ஓடுன சரக்காம். ஆர்டர் குடுத்தா போடியிலருந்து வரவழைச்சுத் தர்றேன்னு கடைக்காரர் சொன்னாரு."