ரேடியோக்காரரின் கிணறு

காலை ஒன்பது நாற்பது. பத்திரம் எழுதும் நொத்தாரிசு, வீட்டு விற்பனை உறுதியை வாசித்துக்கொண்டு போனார். "கிணறு உட்பட" என்ற இடம் வந்ததும் ரேடியோக்காரர் கையெழுத்து வைக்காமலே பேனையை மூடிச் சட்டைப்பையில் செருகினார். அந்த நிமிடத்திலிருந்து மூன்று வருடமாக என் நெஞ்சு ஒழுங்காக அடிக்கவில்லை.

இப்படியொரு பிடிவாதக்காரர் நாவற்குடாவில் முன்னும் பிறந்ததில்லை, இனியும் பிறக்கப் போவதில்லை. யாரும் ரேடியோ கேட்காத காலத்தில் ரேடியோ திருத்துகிறவர். என் மகளுக்குச் சீதனமாகக் கொடுக்க அவருடைய வீட்டை வாங்க ஒப்பந்தம் எழுதியிருந்தேன். அவர் அக்கா வீட்டுக்குக் குடிபோவதாக ஏற்பாடு. அக்கா வீட்டுக் கிணறு வாவிக்கரையில், ஒரே உப்பு. அது அவருக்கு அன்று காலைதான் ஞாபகம் வந்திருக்கிறது.

"கிணறும் உங்கட காணிக்குள்ளதானே அண்ணன் கிடக்கு?"

"காணியத்தான் டீச்சர் நான் வித்தன். கிணறு காணியா? காணி இல்லாத இடத்துக்குத்தானே கிணறு எண்டு பேர்!"

வழக்குப் போட்டேன். மாவட்ட நீதிமன்றத்திலும் இதையே சொன்னார். தோற்றார். மறுவாரமே மேன்முறையீடு செய்தார்.

இதற்கிடையில் தேற்றாத்தீவில் மகளுக்கு நல்ல இடம் பொருந்தியது. வீட்டு உறுதி கைக்கு வந்த பிறகு நாள் வைப்போம் என்றார்கள். மேன்முறையீடு எப்போது முடியும் என்று என் சட்டத்தரணியிடம் கேட்டேன். அவர் மின்விசிறியைப் பார்த்தார். நான் இணக்கத்துக்கு இறங்கினேன்.

பேசி முடித்தது இதுதான்: அவர் உறுதி எழுதித் தருவார். உயிரோடு இருக்கும்வரை தினமும் ஒரு மணிநேரம் அந்தக் கிணற்றில் குளிப்பார். எந்த நேரம் என்பதில்தான் சிக்கல். அவர் குளிப்பது காலை ஆறு மணிக்கு. வாளி வாளியாக ஊற்றிக்கொண்டே, அறிவிப்பாளர் குரலில் தெருச் செய்தி வாசிப்பார். "மூணாம் வீட்டில நேத்தும் சண்டை. மாமியார் இன்னும் சாப்பிடல்ல." புது மாப்பிள்ளையின் முதல் விடியலே தலைப்புச் செய்தியாகிவிடும்.

"அஞ்சு மணிக்குக் குளிங்களன் அண்ணன்," என்று கெஞ்சினேன்.

"அஞ்சு மணித் தண்ணி ஐஸ்! எனக்குச் சளி புடிச்சா ரேடியோவ நீங்களா திருத்துவீங்க?"

ஆறு மணி என்றே எழுதினோம்.

இணக்கத்தைப் பதியும் நாள். எங்கள் வழக்கைக் கூப்பிட்டார்கள். ரேடியோக்காரர் இல்லை. கைபேசியும் வேலை செய்யவில்லை. அவருடைய சட்டத்தரணி அடுத்த தவணை கேட்க எழுந்தார். அடுத்த தவணை என்றால் எத்தனை மாதமோ! தேற்றாத்தீவுக்காரர் அதுவரை காத்திருப்பார்களா? பக்கத்தில் இருந்த மகளின் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை.

அப்போது கதவு திறந்தது. தலையில் துவாயைச் சுற்றிக்கொண்டு, தும்மித் தும்மி ரேடியோக்காரர். சட்டத்தரணி சட்டையைப் பிடித்து இழுப்பதற்குள் நீதிபதிக்கு முன்னால் போய் நின்றுவிட்டார்.

"ஐயா, ஆற வெட்டிப்போட்டு அஞ்சு எண்டு போடுங்க. இண்டைக்கு அஞ்சு மணிக்குக் குளிச்சுப் பார்த்தன், பிறகு போத்திப் படுத்து நித்திரையாப் போனன்; ஆனா தாங்கலாம். புதுசாக் கலியாணம் முடிக்கிற புள்ள, விடிய எழும்பி என்ர மூஞ்சியில முழிக்கப்படாது."