பல்கனியில் வைக்க வேண்டாம்

ஜெர்மனியில் எல்லாவற்றுக்கும் ஒரு சட்டம் இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை சுவரில் ஆணி அடிக்கக் கூடாது. மத்தியானத்தில் வெற்றுப் போத்தலைத் தொட்டிக்குள் போட்டுச் சத்தம் எழுப்பக் கூடாது. ஈ காக்கை இல்லாத தெருவிலும் சிவப்பு விளக்கைக் கண்டால் நிற்க வேண்டும். இவையெல்லாம் எந்த முட்டாளைப் பார்த்து எழுதப்பட்டவை என்று எனக்குத் தெரியாது. ஆனால் ஒரேயொரு சட்டத்தின் வரலாறு மட்டும் நுணுக்கமாகத் தெரியும். பீலெஃபெல்டில் யோகண்ணையின் தமிழ்க் கடையில் கல்யாண மாலை வாங்கினால், பெட்டியின் மூடியில் தடித்த எழுத்தில் ஒரு வரி ஒட்டியிருக்கும்: ‘பல்கனியில் வைக்க வேண்டாம்.’

அந்த முட்டாள் நான்தான். (பெருமைக்காகச் சொல்லவில்லை. சரி, கொஞ்சம் பெருமைக்காகவும்தான்.)

இரண்டாயிரத்தின் தொடக்க ஆண்டுகள் அவை. எனக்கு முப்பத்திரண்டு வயது. அகதியாக வந்து, விசாவுக்கு அலைந்து, உணவகங்களில் கோப்பை கழுவி, கடைசியில் ஒரு நிரந்தர வேலையில் ஏறியிருந்தேன். ஊருக்கு வெளியே ஒரு தொழிற்சாலை. கீரையை அவித்து, அரைத்து, செங்கல்போல உறையவைத்துப் பெட்டியில் அடைப்போம். (இந்த வேலையை நீங்கள் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். தேவையான நேரத்தில் நான் அதை மறந்துவிட்டேன்.)

வேலை நிரந்தரமானதும் கல்யாணம் பேசினார்கள். பெண் மன்னார். பெயர் ஸ்டெல்லா. மார்கழியில் வந்து இறங்கி, பக்கத்து நகரத்தில் சின்னம்மா வீட்டில் தங்கியிருந்தாள். தவக்காலம் தொடங்கிவிட்டால் கத்தோலிக்கக் கோயிலில் கல்யாணம் வைக்க ஏலாது என்பதால் நாள் மாசியில் விழுந்தது. மாசி என்றால் ஊரில் இதமான வெயில். இங்கே மூக்கைச் சீறினால் கைலேஞ்சியில் ஐஸ்.

ஸ்டெல்லா என்னிடம் நகை கேட்கவில்லை, கார் கேட்கவில்லை. ஒன்றே ஒன்று கேட்டாள்.

“எனக்கு உண்மையான மல்லிகை மாலை வேணும். அம்மாவுக்கு விசா குடுக்கேல்லை. மாலையோட நிக்கிற படத்தையாவது அவ பாக்கவேணும்.”

கேட்டதில் நியாயம் இருந்தது. அந்த நாட்களில் இங்கே பாதிக் கல்யாணங்கள் துணி மாலையில்தான் நடந்தன. யாரோ ஒருவர் வீட்டுச் சூட்கேசில் வசிக்கும் அந்த மாலை, கல்யாணத்துக்குக் கல்யாணம் இரவல் போய்வரும். எட்டுச் சோடிகளைச் சேர்த்துவைத்த ஒரு மாலையை நானே பார்த்திருக்கிறேன்.

“மல்லிகைதானே. யோசியாதையும், நான் பாத்துக்கொள்ளுறன்” என்றேன். கணவனாகப் போகிறவன் கொடுத்த முதல் வாக்கு அது. குரலைக்கூடக் கொஞ்சம் தடிப்பாக்கித்தான் சொன்னேன்.

யோகண்ணை பூவை விமானத்தில் வரவழைத்தார். இரண்டு மாலைக்கும் சேர்த்து என்னுடைய நாலு நாள் கீரைச் சம்பளம். கல்யாணத்துக்கு முதல்நாள் பின்னேரம் பெட்டியை என் கையில் தந்து, குழந்தையை ஒப்படைப்பதுபோலச் சொன்னார்:

“குளிரில வையும் தம்பி. சூட்டில வைச்சீரெண்டால் வாடிப்போகும்.”

வீட்டுக்கு வந்து குளிர்சாதனப் பெட்டியைத் திறந்தேன். உள்ளே ஒரு கடுகு வைக்க இடமில்லை. பலகாரம், தயிர், நாளைக்கு வெட்டப்போகும் கேக்கின் கீழ் மாடி. நான் கலங்கவில்லை. குளிர்காலத்தில் எங்கள் ஆட்களுக்குப் பல்கனி எதற்கு இருக்கிறது? கறிச்சட்டி, புட்டு, பால், சோடா எல்லாம் அங்கேதான். காகம் திறக்காமல் இருக்க மூடிக்கு மேல் ஒரு கல். ஆட்டிறைச்சிக் கறிச்சட்டியைக் கொஞ்சம் தள்ளிவைத்துவிட்டு, பக்கத்தில் மாலைப் பெட்டியை வைத்தேன். காற்றோட்டமாக இருக்கட்டும் என்று மூடியையும் திறந்துவிட்டேன். (அறிவு பெருக்கெடுத்து ஓடும்போது அணை கட்ட முடியாது.)

அப்போது வீடியோ ரவி கமெராவோடு வந்து கல்யாண வீட்டைப் படம் எடுத்துக்கொண்டிருந்தான். அவனிடமும் ஏதோ சொன்னேன். என்ன சொன்னேன் என்பது மறந்துபோனது. கமெரா மறக்கவில்லை.

மறுநாள் கோயிலில் பூசை முடிந்து, மண்டப வாசலில் மாலை மாற்றினோம். அதுவரை காரிலேயே கிடந்த பெட்டியை எடுத்துத் திறந்ததும் கூடிநின்றவர்களிடம் ஒரு பெருமூச்சு எழுந்தது. அப்படியொரு வெள்ளை. ஒவ்வொரு மொட்டும் தனித்தனியாக மினுங்கியது. என் கழுத்தில் விழுந்தபோது மாலை வளையவில்லை, மாட்டுக்கு நுகம் பூட்டியதுபோல ‘டக்’ என்று உட்கார்ந்தது. பக்கத்தில் நின்ற ஒரு அக்கா விரலால் தட்டிப் பார்த்தாள்.

“இது உண்மைப் பூவோ, பிளாஸ்டிக்கோ?”

“சுத்தமான மல்லிகை அக்கா. எப்பிடி விறைப்பாய் நிக்குது பாருங்கோ. புதுப்பூ எண்டால் அப்பிடித்தான்” என்றேன், தோட்டத்தில் நானே பறித்து வந்தவன்போல.

மண்டபத்துக்குள் போனோம். முந்நூறு பேர், வெப்பமூட்டி, மேடைக்கு மேல் நாலு வீடியோ விளக்கு. ஒவ்வொரு குடும்பமாக ஏறி எங்களோடு படம் எடுத்தார்கள். ஐந்தாவது குடும்பம் வந்தபோது என் நெஞ்சில் ஒரு துளி குளிராக இறங்கியது. வியர்வை என்று நினைத்தேன். பத்தாவது குடும்பத்தின்போது ஒரு மணம் வந்தது. மல்லிகை மணம் இல்லை. எனக்கு மிகவும் பழகிய மணம், ஆனால் எங்கே பழகியது என்று பிடிபடவில்லை.

“இஞ்சேருங்கோ” என்றாள் ஸ்டெல்லா, உதடு அசையாமல். “மாலை கறுக்குது.”

“சிரியும். வீடியோ ஓடுது.”

சிரித்தோம். நாங்கள் சிரிக்கச் சிரிக்க அந்த வெள்ளை மொட்டுகள் பழுப்பாகி, கண்ணாடிபோலாகி, கூழாகி, கொத்துக்கொத்தாக விழத் தொடங்கின. மாலையில் கோத்திருந்த பச்சை இலை கரைந்து என் வெள்ளைச் சட்டையில் வாய்க்கால் வெட்டியது. ஸ்டெல்லாவின் கூறைச் சேலையிலும்தான். சாப்பாட்டுக்கு இறங்கும்போது எங்கள் கழுத்தில் இரண்டு ஈர நூல்கள் தொங்கின. யாரோ சமையலறையிலிருந்து துடைக்க ஒரு கட்டுக் கடதாசி கொண்டுவந்து தந்தார்கள்.

எனக்குப் பதற்றம் வந்தால் வாய் வந்துவிடும். “யோகண்ணை அழுகின பூவைத் தலையில கட்டிவிட்டிருக்கிறார். காசைத் திருப்பி வாங்காட்டில் நான் மனிசனில்லை” என்று சாப்பாட்டு வரிசை முழுவதற்கும் கேட்கச் சபதம் செய்தேன்.

ஸ்டெல்லா கூறையைத் துடைத்துக்கொண்டே கேட்டாள். “காசு கிடக்கட்டும். அம்மாவுக்கு எந்தப் படத்தை அனுப்புறது?”

அதைக் கேட்டதும் யோகண்ணைமேல் கோபம் இரண்டு மடங்கானது.

ஜெர்மனியில் சும்மா போய்க் கத்தி ஒன்றும் நடக்காது. முறைப்பாட்டுக்கு அத்தாட்சி வேண்டும் என்று தொழிற்சாலையில் கூட வேலைசெய்த ஜெர்மன்காரர் சொல்லித் தந்தார். ரசீது இருந்தது. அத்தாட்சிக்கு ரவியின் வீடியோ. மூன்று கிழமை காத்திருந்து கசெட்டை வாங்கி, மாலை கரையும் கட்டம் வரை வேகமாக ஓடவிட்டு, அங்கேயே நிறுத்தி எடுத்துவைத்தேன். முதல் பகுதியைப் பார்க்கவில்லை. நான் வழக்காட வாங்கிய கசெட் அது. வீட்டு அலங்காரத்தைப் பார்க்க நேரம் இல்லை.

ஒரு சனிக்கிழமை, கடையில் ஆட்கள் நிறைந்திருக்கும் நேரம் பார்த்து (இதுவும் என் திட்டம்தான்) ஸ்டெல்லாவோடு போனேன். முருங்கைக்காய் பொறுக்கிக்கொண்டிருந்த ஒரு அக்காவும், மீன் வாங்க வந்த இரண்டு மூன்று பேரும் திரும்பிப் பார்த்தார்கள்.

“அண்ணை, நீங்கள் தந்த மாலை மேடையில அழுகிப் போச்சுது. காசைத் திருப்பித் தாங்கோ.”

“அழுகினதோ? உமக்குத் தரேக்க பறிச்சு ரெண்டு நாள்கூட ஆகேல்லையே தம்பி.”

“கதை வேண்டாம். படம் இருக்கு.”

வாடகைக்குச் சினிமாப் படமும் கொடுக்கும் கடை அது. மேசைக்கு மேல் தொலைக்காட்சியும் கசெட் பெட்டியும் இருந்தன. யோகண்ணை என் கசெட்டை உள்ளே தள்ளினார். மாலை கரைந்தது. கடையே “ஐயோ” என்றது. நான் கையைக் கட்டிக்கொண்டு நின்றேன். வாழ்க்கையில் அவ்வளவு நிமிர்ந்து நான் நின்றதில்லை.

யோகண்ணை தலையைச் சொறிந்தார். “இரும் தம்பி. கலியாணத்துக்கு நான் வரேல்லை. முதலில இருந்து ஒருக்கால் பாப்பம்.”

“பாருங்கோ, வடிவாப் பாருங்கோ” என்றேன் தாராளமாக.

இதயச் சின்னத்துக்குள் எங்கள் பெயர்கள் வந்தன. வீடு வந்தது. சாரமும் குளிர்ச் சட்டையுமாக நான் வந்தேன். பல்கனிக் கதவைத் திறந்தேன்.

“உலகத்திலயே பெரிய பிரிட்ஜ் எங்கட பல்கனிதான்” என்றான் தொலைக்காட்சிக்குள் இருந்த நான். “கரண்ட் காசு இல்லை, இடம் போதேல்லை எண்டும் இல்லை. உந்த மாலையைப் பாரும் ரவி, நாளைக்கு எப்பிடி நிக்குமெண்டு.”

ரவி ஒரு கலைஞன். கமெரா மெல்ல மாலைக்குக் கிட்டப் போனது. மொட்டின்மேல் ஒரு பனித்துகள் விழுந்தது. இன்னொன்று விழுந்தது. பிறகு சுவரில் தொங்கிய வெப்பமானிக்கு ஏறி, பூச்சியத்துக்குக் கீழே பதினொன்றில் நின்றது. பின்னணியில் புல்லாங்குழல். (அந்தப் புல்லாங்குழலை நான் இன்னும் மன்னிக்கவில்லை.)

கடையில் எல்லாத் தலைகளும் தொலைக்காட்சியிலிருந்து என் பக்கம் திரும்பின.

“நீங்கள்தானே குளிரில வைக்கச் சொன்னனீங்கள்” என்றேன். குரல் எனக்கே தூரத்தில் கேட்டது.

“குளிரில எண்டுதான் சொன்னனான் தம்பி. சைபீரியாவில எண்டு சொல்லேல்லை.”

“பக்கத்தில இருந்த கறிக்கு ஒண்டும் நடக்கேல்லைதானே?”

“கறியைத் திருப்பிச் சூடாக்கலாம்” என்றாள் முருங்கைக்காய் அக்கா. “பூவைச் சூடாக்கினால் என்ன வரும்?”

யோகண்ணை படத்தை நிறுத்தினார். மிகவும் அன்பாகக் கேட்டார்.

“தம்பிக்கு எங்க வேலை?”

“தொழிற்சாலையில.”

“என்ன செய்யிற தொழிற்சாலை?”

“கீரை.”

“கீரையை என்ன செய்யிறனீங்கள்?”

நான் முருங்கைக்காயைப் பார்த்தேன். “உறைய வைக்கிறம்.”

“உறைஞ்சது உருகினால் எப்பிடி இருக்கும்?”

மேடையில் வந்த அந்த மணம் எங்கே பழகியது என்று அந்த நொடியில் எனக்குப் புரிந்தது. தினமும் எட்டு மணி நேரம் மணந்த மணம்.

சிரிப்பு அடங்கச் சற்று நேரம் எடுத்தது. யோகண்ணை நல்ல மனிதர். கண்ணைத் துடைத்துக்கொண்டு காசு மேசையைத் திறந்தார்.

“புதுக் கலியாணப் பிள்ளையள். நானும் பெட்டியில எழுதிவிட்டிருக்கவேணும். பாதியைத் தாறன், பிடியும்.”

மறைக்காமல் சொல்கிறேன், என் கை அசைந்தது. அரிசி மூட்டைக்குப் பக்கத்தில் நின்ற ஸ்டெல்லா முன்னே வந்தாள். இப்போது எனக்கு விழப்போகிறது என்று நினைத்தேன். விழ வேண்டியதுதான்.

“வேண்டாம் அண்ணை” என்றாள். “பிழை எங்கட.”

மாலையைப் பல்கனியில் வைத்தபோது அவள் நாற்பது கிலோமீற்றருக்கு அப்பால் சின்னம்மா வீட்டில் மருதாணி போட்டுக்கொண்டிருந்தாள். இருந்தும் ‘எங்கட’ என்றாள். அத்தனை பேர் முன்னால் நனைந்த கோழிபோல நின்ற எனக்கு, வெட்கத்தை மீறிக்கொண்டு நெஞ்சு சற்று வீங்கியது.

“அண்ணை, கொஞ்சம் ஓடவிடுங்கோ” என்றாள் பிறகு. “அதில நிப்பாட்டுங்கோ.”

மண்டப வாசல். மாலை மாற்றிய நிமிடம். ஒவ்வொரு மொட்டும் தனித்தனியாக மினுங்க, நாங்கள் இரண்டு பேரும் நிமிர்ந்து நிற்கிறோம்.

“இந்த இடத்தில ஒரு போட்டோவும் எடுத்தவைதானே? இதை அம்மாவுக்கு அனுப்புவம்.”

மேடைப் படங்கள் நூற்றுக்கணக்கில் இருந்தன. வாசல் படம் ஒன்றே ஒன்று. அது மன்னாருக்குப் போனது. ஒரு மாதம் கழித்து மாமி தொலைபேசி எடுத்தா.

“மாலை சோக்காய் இருக்கு பிள்ளை. மன்னாரிலகூட இப்பிடி மாலை கட்ட ஆளில்லை. ஆனா ஒரு கேள்வி. மருமகன் சிகரெட் பத்துறவரோ? வாயால புகை போகுது.” சற்றுத் தயங்கிவிட்டு, “உன்ர வாயாலயும் போகுது” என்றா.

குளிரில் வரும் மூச்சு அது என்று இருபது வருடமாக விளங்கப்படுத்துகிறோம். மாமி இன்றுவரை முழுதாக நம்பவில்லை.

போன குளிர்காலம் யோகண்ணையின் கடையில் சாமான் வாங்கிக்கொண்டு நின்றோம். ஒரு மாப்பிள்ளைப் பையன் மாலை எடுக்க வந்தான். இங்கே பிறந்த பிள்ளை, தமிழை எழுத்துக்கூட்டித்தான் வாசித்தான். மூடியைப் பார்த்துச் சிரித்துவிட்டு யோகண்ணையிடம் கேட்டான்.

“பல்கனியில வைக்க வேண்டாமோ? எந்த விசரன் அண்ணை மாலையைப் பல்கனியில வைச்சவன்?”

யோகண்ணை கூரையைப் பார்த்தார். நான் பருப்புப் பைகளை எண்ணத் தொடங்கினேன்.

“நாங்கள்தான் தம்பி” என்றாள் ஸ்டெல்லா. “நாங்கள்தான் வைச்சனாங்கள்.”