குர்தாத் எழுதாத முப்பத்தொரு படங்கள்

பாரிஸில் திரைக்கதை எழுதிப் பிழைத்துவந்த அன்செல்ம் குர்தாத், தமக்கு அறுபது வயது நிறைவடைந்ததை முன்னிட்டு, எழுத்தாளர் ஓய்வூதியம் கோரி உரிய அலுவலகத்தில் உரிய படிவத்தைச் சமர்ப்பித்தார். மொத்தம் முப்பத்தொரு படங்கள். அவற்றில் பதினேழை வெட்டி ஒட்டிய எடிட்டர் நான். சாட்சிக்குக் கூடப் போயிருந்தேன்.

அதிகாரி மேடம் லக்ராவ் எல்லாப் படங்களின் டைட்டில் கார்டையும் சரிபார்த்தார். எதிலும் குர்தாத் பெயர் இல்லை. அன்றைய நாகரிகம் அப்படி. படம் இயக்குநரின் ஆன்மாவிலிருந்து நேரே திரைக்கு வருவது. நடுவில் ஒருவர் உட்கார்ந்து எழுதினார் என்பது கௌரவமான பேச்சு அல்ல.

"கையெழுத்துப் பிரதி எல்லாம் இருக்கு மேடம்," என்றார் குர்தாத்.

"இருக்கட்டும் ஐயா. நீங்கதான் எழுதினீங்கன்னு இயக்குநர் சொல்லணும்."

அத்தனை படங்களையும் இயக்கிய கோந்த்ரான் வசெலினைக் காபிக்கடையில் பிடித்தோம். கறுப்புக் கண்ணாடியைக் கழற்றாமலே வருத்தப்பட்டார். அப்படிச் சொன்னால் தன் ஆன்மாவின் கதி என்ன என்று கேட்டார். வெள்ளிக்கிழமை தனக்கு அரசு விருது தருகிறார்கள், ஏற்புரை ஒன்று எழுதித் தர முடியுமா என்றும் கேட்டார்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. குர்தாத் சரி என்றுவிட்டார்.

வசெலின் எதையும் முன்கூட்டிப் படிக்கும் வழக்கமில்லாதவர். விழாவில் கணீரென்று வாசித்துக்கொண்டே போனவர், மூன்றாம் பக்கத்தில், "என் படங்களில் ஒன்றைக்கூட நான் எழுதவில்லை. எழுதியவர் அன்செல்ம் குர்தாத். அதோ, கடைசி வரிசையில் இருக்கிறார்," என்பதையும் அதே குரலில் வாசித்துவிட்டார்.

குர்தாத் கோட்டுப் பொத்தானைப் போட்டுக்கொண்டு பாதி எழுந்தேவிட்டார்.

அமைச்சர் கண்ணைத் துடைத்துக்கொண்டு கைதட்டினார். உடனே அரங்கமே எழுந்து நின்று தட்டியது. ஒருவரும் பின்னால் திரும்பவில்லை. மறுநாள் பத்திரிகைகள் வசெலினின் தன்னடக்கத்தைக் கொட்டை எழுத்தில் போற்றின.

அந்தப் பத்திரிகைகளோடு மேடம் லக்ராவிடம் போனோம்.

"இயக்குநரே சொல்லிட்டார் மேடம்."

"நானும் வந்திருந்தேன் ஐயா. அழுதுட்டேன். அந்தப் பேச்சை எழுதினது யாரு?"

தொழிலில் முதல்முறையாக ஒருவர் அவரிடம் அதைக் கேட்கிறார். குர்தாத் முகம் மலர்ந்து, "நான்தான்," என்றார்.

"அப்போ அது அவர் சொன்னது இல்லை. நீங்களே உங்களுக்குக் கொடுத்துக்கிட்ட சான்றிதழ். செல்லாது."

வெளியே வந்து வெகுதூரம் நடந்தோம். மனம் கேளாமல், பேச்சு அருமையாக இருந்தது, நானும் எழுந்து நின்று கைதட்டினேன் என்றேன்.

"பார்த்தேன்பா," என்றார் குர்தாத். "மேடையைப் பார்த்துத் தட்டினே."